சேமிக்கவில்லை என்று யாரைக் குற்றஞ்சாட்டுகிறீர்கள்?

முதியோர் உதவித்தொகையை உயர்த்த வேண்டும் என்ற பேச்சு எழும்போதெல்லாம் ஒரு வாதம் கூடவே கிளம்பிவிடுகிறது. பத்திரிகைப் பத்திகளிலும் தொலைக்காட்சி விவாதங்களிலும் நிதி ஆலோசனைக் கூட்டங்களிலும் அதை நீங்கள் கேட்டிருப்பீர்கள். வயதான காலத்தில் கையில் காசில்லாமல் நிற்பவர்கள் உழைத்த காலத்தில் சேமிக்காதவர்கள். கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் செலவழித்துவிட்டு நாளையை மறந்தவர்கள். அவர்களுடைய பொறுப்பின்மைக்கு வரி கட்டுபவன் ஏன் படியளக்க வேண்டும்? பெற்ற பிள்ளைகள் பார்த்துக்கொள்ளட்டும். அரசின் கஜானாவும் அதைத் தாங்காது.

சேமிக்காதது அவர்கள் தவறு, காப்பாற்றுவது பிள்ளைகள் கடமை, கொடுக்க அரசிடம் பணம் இல்லை. மூன்று கூற்றுகளுமே பொய். முதலாவது பொய்யாக இருப்பதோடு, நாற்பது ஆண்டுகள் உடல் வருந்தி உழைத்த மனிதர்களை அவமதிக்கவும் செய்கிறது.

சேமிப்பிலிருந்து தொடங்குவோம். மாதச் சம்பளக்காரர் முதுமைக்குத் தயாராக இருப்பது அவருடைய முன்யோசனையால் என்று இந்த வாதம் நம்பவைக்கப் பார்க்கிறது. உண்மையில் அவரைச் சேமிக்க வைத்தது சட்டம். 1952ஆம் ஆண்டின் வருங்கால வைப்பு நிதிச் சட்டம் சம்பளம் கைக்கு வருவதற்கு முன்பே 12 விழுக்காட்டைப் பிடித்துக்கொள்கிறது. அதே அளவு தொகையை முதலாளியும் போட்டாக வேண்டும் என்கிறது. 2003 ஏப்ரலுக்கு முன் தமிழக அரசுப் பணியில் சேர்ந்தவருக்கு அந்தப் பிடித்தமும் தேவைப்படவில்லை. ஓய்வூதியத்துக்கென்று ஒரு ரூபாய்கூடக் கட்டாமலேயே கடைசிச் சம்பளத்தில் பாதிவரை ஓய்வூதியமாக வருகிறது, அகவிலைப்படியும் சேர்ந்து ஏறுகிறது. அது அவர்களுடைய நியாயமான உரிமை, அதில் எனக்குத் துளியும் மறுப்பில்லை. ஆனால் சட்டமும் அரசும் ஏற்பாடு செய்துகொடுத்த பாதுகாப்பைத் தன் ஒழுக்கத்தின் பலன் என்று சொல்லிக்கொண்டு, அந்த ஏற்பாடு எட்டாதவர்களை ஊதாரிகள் என்று ஏசுவதை ஏற்க முடியாது.

அந்த ஏற்பாடு எட்டாதவர்கள் யார்? இந்தியாவில் உழைப்பவர்களில் ஏறத்தாழ பத்துக்கு ஒன்பது பேர் முறைசாராத் தொழில்களில் இருக்கிறார்கள். வைப்பு நிதிச் சட்டம் பொதுவாக 20 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடங்களுக்கே பொருந்தும். கொத்தனார், சித்தாள், விவசாயக் கூலி, வீட்டுவேலை செய்யும் பெண், தறி ஓட்டுபவர், சுமை தூக்குபவர், தள்ளுவண்டிக்காரர் என யாருக்கும் அந்தக் கதவு திறக்கவில்லை. மழை பிடித்துக்கொண்டால் வேலை இல்லை. காய்ச்சலில் படுத்தால் கூலி இல்லை.

இவ்வளவுக்கும் நடுவில் இவர்கள் சேமித்தார்கள். ஏலச்சீட்டில், தீபாவளிச் சீட்டில், தபால் நிலையத்து ஆர்.டி.யில், மகளிர் குழுக் கணக்கில், கால் சவரன் அரை சவரனாக வாங்கிய நகையில் சேமித்தார்கள். அந்தப் பணம் பிள்ளையின் கல்லூரிக் கட்டணமாகப் போனது, கணவனின் இதய அறுவைச் சிகிச்சைக்குப் போனது, அடகுக்கடையில் மூழ்கியது. கல்யாணத்துக்குப் போனதும் உண்மை. மகளுக்கு நகை போடாமல் அனுப்ப முடியாத சமூகத்தில் அதை எந்தத் தாய் தகப்பனால் தவிர்த்திருக்க முடியும்? இந்த வாதத்தை எழுதுபவர்களின் வீட்டுக் கல்யாணங்கள் எவ்வளவு சிக்கனமாக நடந்தன என்பதையும் அவர்கள் சொல்லட்டும்.

சரி, இவர்கள் சொன்னபடியே ஒரு தொழிலாளி சேமித்தார் என்று வைத்துக்கொண்டு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 30 வயதில் தொடங்கி 60 வயதுவரை, ஒரு மாதம்கூடத் தவறாமல் 500 ரூபாய் கட்டுகிறார். ஆண்டுக்கு 7 விழுக்காடு வட்டி, ஏறக்குறைய இன்றைய பி.பி.எஃப். வட்டி. முடிவில் கையில் சுமார் 6.1 லட்சம் இருக்கும். அதே வட்டிக்குப் போட்டால் மாதம் 3,550 ரூபாய் வரும். விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு ஏறினால், முப்பது ஆண்டுகள் கழித்து அந்தப் பணத்துக்கு இன்றைய மதிப்பு 820 ரூபாய். ஆண்டுதோறும் தவணையையும் 5 விழுக்காடு கூட்டிக் கட்டியிருந்தால்கூட இன்றைய மதிப்பில் மாதம் 1,500 ரூபாயைத் தொடாது. முப்பது ஆண்டுகளில் ஒரு பிரசவமோ விபத்தோ வேலையிழப்போ அந்தப் பணத்தைத் தொடவில்லை என்று வைத்துக்கொண்டால் வரும் கணக்கு இது.

அரசே நடத்தும் அடல் ஓய்வூதியத் திட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 2015இல் தொடங்கிய திட்டம், முறைசாராத் தொழிலாளர்களுக்கான விடை என்று அறிமுகமானது. 30 வயதில் சேர்பவர் மாதம் 577 ரூபாய் கட்டினால் 60 வயதில் அந்தத் திட்டத்தின் உச்ச ஓய்வூதியமான 5,000 ரூபாய்க்கு உத்தரவாதம் உண்டு. அதே 5 விழுக்காடு விலையேற்றத்தில் அந்த 5,000க்கு இன்றைய மதிப்பு 1,160 ரூபாய்கூட இல்லை. தமிழக அரசு இன்று தரும் முதியோர் உதவித்தொகை 1,200. இவர்கள் போதிக்கும் சிக்கனத்தை அச்சுப் பிசகாமல் கடைப்பிடித்தவரும் முப்பது ஆண்டு கழித்து, இவர்கள் வீண்செலவு என்று திட்டும் தொகைக்குச் சற்றுக் கீழேதான் வந்து நிற்பார். கூலி குறைவாக இருக்கும்போது எந்தச் சேமிப்புப் பழக்கமும் முதுமையைக் காப்பாற்றாது. இந்த எளிய கூட்டல் கழித்தலைப் போடாமல் ஏழைக்கு அறிவுரை சொல்ல எப்படி மனம் வருகிறது?

சட்டப்படி பணம் கட்டியவர்களின் கதையும் ஆறுதல் தருவதாக இல்லை. 1995 நவம்பரில் தொடங்கிய தொழிலாளர் ஓய்வூதியத் திட்டத்தில் முதலாளியின் பங்கிலிருந்து சம்பளத்தின் 8.33 விழுக்காடு மாதாமாதம் போகிறது. ஆலையிலும் போக்குவரத்து நிறுவனத்திலும் உழைத்த பல்லாயிரம் பேர் அதில் இருக்கிறார்கள். அதன் குறைந்தபட்ச ஓய்வூதியம் 2014 செப்டம்பரில் 1,000 ரூபாய் என்று நிர்ணயிக்கப்பட்டது. பத்து ஆண்டுகள் கடந்தும் அதே 1,000தான். அகவிலைப்படி கிடையாது. பணி முடிந்த நாளில் நிர்ணயித்த தொகை கண் மூடும்வரை மாறாது. இவர்கள் சேமிக்காதவர்களா?

அறிவுரையைக் கேட்டு முதலீடு செய்தவர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதும் இந்த மாநிலத்துக்குத் தெரியும். 1990களில் தமிழகத்தில் ஃபைனான்ஸ் கம்பெனிகள் வரிசையாகச் சரிந்தபோது ஓய்வூதியப் பணத்தைப் பறிகொடுத்தவர்கள் ஏராளம். முதலீட்டாளர்களைக் காக்க 1997இல் மாநில அரசு தனிச் சட்டமே கொண்டுவர வேண்டியிருந்தது. அதற்குப் பிறகும் ஆருத்ரா நிறுவனத்தின் மீது முதலீட்டு மோசடி வழக்கு வந்தது, நியோமேக்ஸ் நிறுவனத்தின் மீதும் வந்தது. 2024 ஆகஸ்டில், 1872இல் தொடங்கப்பட்ட மயிலாப்பூர் இந்து நிரந்தர நிதியின் நிர்வாக இயக்குநரைப் பொருளாதாரக் குற்றப்பிரிவு கைது செய்தது. அங்கே பணம் போட்டிருந்தவர்களில் பெரும் பகுதியினர் முதியோர். ஒன்றரை நூற்றாண்டுப் பாரம்பரியம் உள்ள நிறுவனத்தை நம்பிச் சேமித்தது பொறுப்பின்மையா? சேமிப்பைக் காக்க வேண்டிய கண்காணிப்பு தவறும்போது அதன் விலையைச் சேமித்தவரே கொடுக்கிறார். இதைப் பற்றி இந்த வாதக்காரர்கள் ஒரு வரியும் எழுதுவதில்லை.

பெண்களைப் பற்றியும் அவர்கள் பேசுவதில்லை. சமைத்து, துவைத்து, மாடு பார்த்து, மாமியாரைப் பராமரித்து, பேரனை வளர்த்து ஓய்ந்த ஒரு பெண் தன் பெயரில் எதைச் சேமித்திருக்க முடியும்? அவளுக்குச் சம்பளமே கிடையாது. வெளியே உழைத்தவளுக்கும் ஆணைவிடக் குறைந்த கூலி. கணவன் போனபின் பல ஆண்டுகள் தனியாக வாழப்போகிறவளும் பெரும்பாலும் அவள்தான். சேமிக்காதவர்களைக் கைவிடலாம் என்பவர்கள் முதலில் கைவிடுவது இவளைத்தான். அதை முகத்துக்கு நேராகச் சொல்லும் துணிவு அவர்களுக்கு இருக்கிறதா?

அடுத்து, பிள்ளைகள் பார்த்துக்கொள்ளட்டும் என்ற வாதம். சித்தாளின் மகன் பெரும்பாலும் கலெக்டராகிவிடவில்லை. அவன் ஓட்டுநர், கடைப் பையன், உணவு விநியோகம் செய்பவன். அவனுக்கும் பி.எஃப். இல்லை. அவன் தன் வருமானத்தில் அப்பாவின் மாத்திரைச் செலவையும் தன் பிள்ளையின் பள்ளிக் கட்டணத்தையும் சமாளித்தால், தன் முதுமைக்கு எதைச் சேர்ப்பான்? முப்பது ஆண்டு கழித்து அவனைப் பார்த்தும் இதே ஆட்கள் சேமிக்கவில்லை என்று சொல்வார்கள். பெற்றோருக்கு ஓய்வூதியம் இல்லாத வீட்டில் பிள்ளைகளின் சேமிப்பும் கரைகிறது. வறுமை இப்படித்தான் தலைமுறை தாண்டுகிறது. சேமிப்பை வளர்க்க விரும்புகிறவர்கள் முதலில் கேட்க வேண்டியது முதியோர் ஓய்வூதியத்தை.

பார்க்க மறுக்கும் பிள்ளைகளுக்குச் சட்டம் இருக்கிறதே என்பார்கள். 2007ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி பெற்றோர் கோட்டாட்சியரிடம் மனுக் கொடுக்கலாம். மாதம் 10,000 ரூபாய்வரை ஜீவனாம்சம் பெறலாம். கவனிப்பதாகச் சொல்லி எழுதி வாங்கிய சொத்துப் பத்திரத்தை ரத்துசெய்யவும் வழி உண்டு. நல்ல சட்டம். ஆனால் எழுதிக்கொடுக்கச் சொத்து இல்லாதவருக்கும், கொடுக்க வருமானம் இல்லாத பிள்ளையைப் பெற்றவருக்கும் அதனால் பயனில்லை. பெற்ற மகன்மீது வழக்குப் போட்டுத்தான் ஒரு தாய் சோறு தின்ன வேண்டும் என்பதை ஒரு சமூகப் பாதுகாப்புக் கொள்கை என்று எந்த முகத்தோடு முன்வைக்கிறீர்கள்?

கடைசியாக, பணம் இல்லை என்ற வாதம். ஒன்றிய அரசின் முதியோர் ஓய்வூதியம் 1995 ஆகஸ்டில் மாதம் 75 ரூபாயாகத் தொடங்கியது. 2006இல் 200 ஆனது. 18 ஆண்டுகளுக்கு மேலாகியும் 80 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு அதே 200 ரூபாய். இதற்கிடையில் விலைவாசி மூன்று மடங்குக்கும் மேல் ஏறிவிட்டது. அதாவது அந்த 200க்கு 2006இல் இருந்த வாங்கும் சக்தியில் மூன்றில் ஒரு பங்குகூட இப்போது இல்லை. தமிழகத்தில் 1,200 கிடைக்கிறது என்றால் மிச்சத்தை மாநில அரசு போடுவதால்தான். முதியோர், கைம்பெண்கள், மாற்றுத்திறனாளிகள் அனைவருக்குமான தேசிய சமூக உதவித் திட்டத்துக்கு 2024-25இல் ஒன்றிய அரசு ஒதுக்கியது 9,652 கோடி. மொத்த பட்ஜெட்டில் ஏறத்தாழ ஐந்நூறில் ஒரு பங்கு. இது தாங்க முடியாத சுமை என்பவர்கள் பட்ஜெட் ஆவணத்தைத் திறந்துகூடப் பார்க்கவில்லை.

இன்னொரு கணக்கும் உண்டு. பழைய வருமான வரி முறையில் 30 விழுக்காடு வரம்பில் இருப்பவர் தேசிய ஓய்வூதியத் திட்டத்தில் கூடுதலாக 50,000 ரூபாய் போட்டால், செஸ் உட்பட 15,600 ரூபாய் வரி மிச்சமாகும். அந்தச் சலுகை அரசின் வருவாயிலிருந்து போகிறது. ஆதரவற்ற ஒரு முதியவருக்குத் தமிழகத்தில் ஓராண்டு முழுவதும் கிடைப்பது 14,400. வசதியானவரின் முதுமைக்கு அரசு விட்டுக்கொடுக்கும் தொகை ஏழையின் முதுமைக்குக் கொடுக்கும் தொகையைவிட அதிகம். முன்னது சேமிப்புக்கான ஊக்கம், பின்னது இலவசம் என்று பிரிக்கும் நெஞ்சில் நீதி இல்லை.

ஏழை நாட்டால் முடியாது என்பார்கள். தனிநபர் வருமானத்தில் நம்மைவிட வெகுவாகப் பின்தங்கிய நேபாளம் தன் மூத்த குடிமக்களுக்கு மாதம் 4,000 நேபாள ரூபாய் தருகிறது. நம் பணத்தில் 2,500. தகுதி வயது அங்கே கூடுதல்தான். ஆனாலும் அந்த நாட்டால் தர முடிகிறது. நம்மிடம் இல்லாதது மனம்.

சேமிப்பு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. முடிந்தவர்கள் சேமிக்கட்டும், எது மோசடி, எது பாதுகாப்பு என்று கற்றுக்கொடுப்பதும் நல்ல பணி. ஆனால் அந்த அறிவுரை ஓய்வூதியத்துக்கு ஈடாகாது. ஒன்றிய அரசின் 200 ரூபாயை வெட்கப்படாமல் சொல்லத்தக்க தொகையாக உயர்த்துங்கள். தொழிலாளர் ஓய்வூதியத்தின் 1,000 ரூபாய்த் தளத்தைத் தூக்குங்கள். இரண்டையும் விலைவாசியோடு இணையுங்கள். அப்படி இணைக்காத ஓய்வூதியம் ஆண்டுதோறும் குறைக்கப்படும் ஓய்வூதியம். பிள்ளை இருக்கிறான் என்று காரணம் காட்டி மனுக்களைத் தள்ளுவதை நிறுத்துங்கள்.

இந்த முதியவர்கள் கட்டிய வீடுகளில் நாம் குடியிருக்கிறோம், அவர்கள் விளைவித்ததைத் தின்றோம், அவர்கள் நெய்ததை உடுத்தினோம். அந்த உழைப்புக்கு உரிய கூலியைக் கொடுத்திருந்தால் அவர்களும் சேமித்திருப்பார்கள். கொடுக்காமல் விட்ட அந்தக் கூலியின் ஒரு சிறு பகுதிதான் ஓய்வூதியம். பிச்சை கேட்பவர்களாக அவர்களைப் பார்ப்பவர்கள், கடன்காரர்கள் தாங்கள்தான் என்பதை ஒப்புக்கொள்ளட்டும். பிறகு பொறுப்பைப் பற்றிப் பேசட்டும்.