காசு கொடுத்து வாங்கியது யாருக்குச் சொந்தம்?

தீபாவளிக்கோ குடி பாட்வாவுக்கோ வீட்டைத் துப்புரவு செய்யும்போது, புனேயில் நம்மவர் வீட்டுப் பரண்களிலிருந்து இறங்கும் சாமான்களில் இப்போது ஒரு புது இனம் சேர்ந்திருக்கிறது. கொலுப்படிப் பலகை, ஊரிலிருந்து கொண்டுவந்த வெண்கலப் பானை, ஒருவரும் அரைக்காத கல்லுரல் இவற்றோடு, வயரைச் சுற்றிக்கொண்டு ஒரு கறுப்புப் பெட்டியும் இறங்குகிறது. பிள்ளைகள் பள்ளியிலும் கல்லூரியிலும் படித்தபோது வாங்கிய வீடியோ கேம் பெட்டிதான் அது. பிள்ளைகள் பெங்களூருக்கோ டொரான்டோவுக்கோ போய்விட்டார்கள். பெட்டி மட்டும் நம்மிடம் இருக்கிறது. பங்கார்வாலா தெருவில் குரல் கொடுத்தால் கொடுத்துவிடலாம் என்றுதான் முதலில் தோன்றும்.

கொடுத்துவிடாதீர்கள் என்று சொல்லவே இந்தக் கட்டுரை. விளையாட்டுச் சாமானுக்கு ஒரு கட்டுரையா என்று முகம் சுளிக்க வேண்டாம். நாம் காசு கொடுத்து வாங்கிய பொருள் நமக்குச் சொந்தமா, யாரோ கொடுத்த அனுமதியா என்ற கேள்வி அந்தப் பெட்டிக்குள் இருக்கிறது. ஊர் விட்டு ஊர் மாறி வாழும் நம்மைப் போன்ற குடும்பங்களுக்கு இது கொஞ்சம் அதிகமாகவே உறைக்கும்.

தொண்ணூறுகளில் டி.வி. கேம் என்றால் கையில் பிடிக்கக்கூடிய பொருள். புதவார் பேட்டையில் தப்கீர் கல்லிக்குப் போனால், ஜப்பானியப் பெட்டியைப் பார்த்து அப்படியே செய்த நகல் பெட்டியும், மஞ்சள் நிறக் கேட்ரிட்ஜும் கிடைக்கும். கோடை விடுமுறைக்குச் சென்னை போனவர்கள் பர்மா பஜாரில் வாங்கி வருவார்கள். கேட்ரிட்ஜின் மேல் 9999 விளையாட்டுகள் என்று அச்சிட்டிருக்கும். உள்ளே மாரியோ, கான்ட்ரா என்று ஏழெட்டுதான் திரும்பத் திரும்ப வரும். ஏமாற்றுதான். ஆனாலும் வாங்கிய பொருள் வாங்கியவரிடம் இருந்தது. பக்கத்து வீட்டுப் பையனுக்கு இரவல் கொடுக்கலாம், ஓடவில்லை என்றால் ஊதிப் போடலாம், ஜூனா பஜாரில் விற்கலாம். யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை.

பிறகு வட்டுகள் வந்தன. எக்ஸ்பாக்ஸ் 360 இந்தியாவில் 2006ஆம் ஆண்டிலும், பிளேஸ்டேஷன் 3 2007ஆம் ஆண்டிலும் விற்பனைக்கு வந்தன. இவற்றோடுதான் பெரிய மாற்றம் நுழைந்தது. கடை பெட்டிக்குள்ளேயே வந்துவிட்டது. கார்டு எண்ணைக் கொடுத்தால் விளையாட்டு இணையம் வழியே இறங்கும். வட்டு இல்லை, உறை இல்லை, கையில் தொட ஒன்றும் இல்லை. வட்டில் வந்த புதிய விளையாட்டு 2,000 ரூபாய்க்கு மேல் விற்ற காலத்தில், இறக்கிக்கொள்ளும் சின்ன விளையாட்டுகள் சில நூறு ரூபாய்க்குக் கிடைத்தன. பிள்ளைகள் மகிழ்ந்தார்கள். அப்பாவின் கார்டுதானே!

அந்தக் கடைகள் இப்போது ஒவ்வொன்றாகக் கதவை இழுத்துச் சாத்துகின்றன. நின்டெண்டோ கம்பெனியின் வீ பெட்டிக்கான கடை 2019 ஜனவரி 30 அன்று மூடப்பட்டது. அதே கம்பெனியின் 3டிஎஸ், வீ யூ கடைகள் 2023 மார்ச் 27 அன்று மூடப்பட்டன. எக்ஸ்பாக்ஸ் 360 கடை 2024 ஜூலை 29 அன்று மூடப்பட்டது. பிளேஸ்டேஷன் 3 கடையையும் மூடப்போவதாக சோனி 2021 மார்ச்சில் அறிவித்தது. வாடிக்கையாளர்கள் உலகெங்கும் கூச்சல் போட்ட பிறகு ஏப்ரலில் அந்த முடிவைக் கைவிட்டது. ஆனால் அதே ஆண்டு அக்டோபரில், அந்தப் பெட்டியிலிருந்து நேராகக் கார்டு போட்டு வாங்கும் வசதியை நிறுத்திவிட்டது.

இங்கே ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ள வேண்டும். கடை மூடியது என்றால் புதிதாக வாங்க முடியாது என்றுதான் பொருள். முன்பே வாங்கியவற்றை மறுபடி இறக்கிக்கொள்ளலாம் என்று இந்தக் கம்பெனிகள் அறிவித்திருக்கின்றன. எத்தனை காலத்துக்கு என்று மட்டும் சொல்லவில்லை. வீ விஷயத்தில், அந்த வசதியும் ஒருநாள் நிற்கும் என்று நின்டெண்டோ முன்கூட்டியே எழுதி வைத்துவிட்டது. கதவு சாத்தியாகிவிட்டது, ஜன்னல் மட்டும் திறந்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

சென்ற ஆண்டு என் மகன் கனடாவிலிருந்து போனில் சொன்னான்: "அப்பா, அந்தப் பழைய பி.எஸ். த்ரீயைத் தூக்கிப் போட்டுடாதீங்க. நான் வாங்கின கேம் எல்லாம் அதுலதான் இருக்கு." பேரனுக்கு ஏழு வயது. அவன் வரும்போது, தான் விளையாடிய அதே விளையாட்டைக் காட்ட வேண்டும் என்பது இவன் ஆசை. பெட்டியைத் துடைத்து டி.வி.யில் மாட்டினேன். திரையில் நாலைந்து விளையாட்டுகள்தான் தெரிந்தன. இடம் போதவில்லை என்று மற்றவற்றை அவனே அன்று அழித்திருக்கிறான். "பரவாயில்லப்பா, லிஸ்ட்ல இருக்கும்" என்று வழி சொன்னான்.

அந்த வழியை உங்களுக்கும் சொல்கிறேன். பிளேஸ்டேஷன் 3இல் பிளேஸ்டேஷன் நெட்வொர்க் என்ற வரிசைக்குப் போய், அக்கவுண்ட் மேனேஜ்மென்ட், அதற்குள் டிரான்சாக்‌ஷன் மேனேஜ்மென்ட், அதற்குள் டவுன்லோட் லிஸ்ட். எக்ஸ்பாக்ஸ் 360 வைத்திருப்பவர்கள் செட்டிங்ஸ், அக்கவுண்ட், டவுன்லோட் ஹிஸ்டரி என்று போக வேண்டும். வாங்கியவை எல்லாம் பட்டியலாக வரும். எங்கள் பட்டியலில் 19 விளையாட்டுகள் இருந்தன. ஒவ்வொன்றும் இன்னின்ன தேதியில் வாங்கியது என்று இருந்தது. பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வுக்கு மூன்று நாள் முன்பு ஒன்று வாங்கியிருக்கிறான் என்பதையும் அன்றுதான் நானும் என் மனைவியும் தெரிந்துகொண்டோம். அவள் உடனே போனைப் பிடுங்கி விசாரணை நடத்தினாள். அது வேறு கதை.

சிக்கல் வேறொரு இடத்தில் வந்தது. அந்தக் கணக்கோடு இணைத்திருந்த மின்னஞ்சல் முகவரி, அன்று எங்கள் தெருவுக்கு இணைய இணைப்புக் கொடுத்த ஒரு கம்பெனி தந்தது. கம்பெனியும் இல்லை, முகவரியும் இல்லை. பாஸ்வேர்டு மறந்திருந்தால் அதை மீட்கும் கடிதம் எங்கே வரும்? மகனுக்குப் பாஸ்வேர்டு நினைவிருந்ததால் பிழைத்தோம். முதல் வேலையாக முகவரியை மாற்றினோம். பிறகு பத்தொன்பதையும் இரண்டு இரவுகளில் இறக்கினோம்.

ஊர் மாறும் குடும்பங்களுக்கு இது ஏன் அதிகமாக உறைக்கும் என்றேனே, இதனால்தான். நம்மில் எத்தனை பேர் காட்கியிலிருந்து பிம்ப்ரிக்கும், பிம்ப்ரியிலிருந்து துபாய்க்கும் மாறினோம்! ஒவ்வொரு மாற்றத்திலும் போன் எண் மாறும், வங்கிக் கார்டு மாறும், மின்னஞ்சல் மாறும். பிளேஸ்டேஷன் கணக்கில் இன்னொரு வம்பும் உண்டு. எந்த நாட்டைச் சொல்லிக் கணக்கைத் தொடங்கினோமோ அந்த நாட்டைப் பிறகு மாற்ற முடியாது. பையன் கனடாக் குடிமகனே ஆனாலும் அந்தக் கணக்கு இந்தியக் கணக்குத்தான். பெட்டியும் அப்படியே. பிளேஸ்டேஷன் 3இன் ஹார்ட் டிஸ்கைக் கழற்றி வேறொரு பெட்டியில் மாட்டினால், அது உள்ளிருப்பதைப் படிக்காது. பூட்டும் சாவியும் அந்தந்தப் பெட்டிக்குத் தனித்தனி. பெட்டி பழுதானால், கம்பெனியின் ஜன்னல் திறந்திருக்கும்வரைதான் வழி.

"போனால் போகிறது, விளையாட்டுத்தானே" என்று சிலர் சொல்வார்கள். புனேவாசிகளான நாம் அப்படிச் சொல்லலாமா? நம் ஊர் லா காலேஜ் சாலையில், 1964ஆம் ஆண்டு தொடங்கிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது. நடராஜ முதலியார் எடுத்த தென்னிந்தியாவின் முதல் மௌனப்படமான கீசகவதம் அங்கே இல்லை, எங்கேயும் இல்லை. தமிழ் பேசிய முதல் படம் என்று நாம் பெருமைப்படும் 1931ஆம் ஆண்டின் காளிதாஸ் படமும் இல்லை. கூத்துத்தானே, பொழுதுபோக்குத்தானே என்று அன்றைக்கு எவரும் எடுத்து வைக்கவில்லை. ஆனால் 1933ஆம் ஆண்டின் மார்த்தாண்ட வர்மா என்ற மௌனப்படம் அங்கே இருக்கிறது. எப்படித் தப்பியது தெரியுமா? கதையின் பதிப்புரிமை வழக்கில் சிக்கி, படச்சுருள் திருவனந்தபுரத்துப் புத்தகக் கடை ஒன்றின் வசம் பல பத்தாண்டுகள் சும்மா கிடந்தது. 1974இல் காப்பகம் அதை வாங்கியது. யாரோ ஒருவர் கையில் ஒரு பிரதி இருந்ததால் பிழைத்தது.

விளையாட்டுகளின் கதையும் அதே திசையில்தான் போகிறது. அமெரிக்காவில் வீடியோ கேம் வரலாற்று அறக்கட்டளை 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, அந்நாட்டில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 சதவீதம் இன்று கடையில் கிடைப்பதில்லை.

விளையாட்டோடும் இது நிற்கவில்லை. 2009இல் அமேசான், உரிமை இல்லாத ஒருவர் விற்றது என்று சொல்லி, ஜார்ஜ் ஆர்வெல்லின் நூல்களை வாசகர்களின் கிண்டில் கருவிகளிலிருந்து தொலைவிலிருந்தே அழித்தது. 2019இல் மைக்ரோசாஃப்ட் தன் மின்னூல் கடையை மூடியபோது, வாங்கிய நூல்கள் எல்லாம் மறைந்தன. பணத்தைத் திருப்பித் தந்தார்கள், உண்மை. ஆனால் நாம் ஒரு புத்தகத்தை விலைக்கு வாங்கிய பிறகு, கடைக்காரர் இரவில் வீட்டுக்குள் வந்து புத்தகத்தை எடுத்துக்கொண்டு பணத்தை மேசைமேல் வைத்துவிட்டுப் போனால் சும்மா இருப்போமா? இன்று நம் பாட்டும் படமும் தமிழ் நூலும்கூட இந்த முறையில்தான் வருகின்றன.

கம்பெனிகள் பக்கமும் ஒரு நியாயம் உண்டு. இருபது ஆண்டுப் பழைய பெட்டிக்காக என்றைக்கும் கணினிகளை ஓட்டிக்கொண்டிருக்க முடியாது, செலவு இருக்கிறது. அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கடையை மூடுகிறவர் சரக்கையாவது வாங்கியவரிடம் விட்டுவிட வேண்டும். இணையத்தைக் கேட்காமலே ஓடும் ஒரு பிரதியை வைத்துக்கொள்ள வழி செய்ய வேண்டும். யுபிசாஃப்ட் கம்பெனி 2014இல் வெளியிட்ட தி க்ரூ என்ற விளையாட்டின் கணினிகளை 2024 மார்ச் 31 அன்று நிறுத்தியபோது, வட்டு வைத்திருந்தவர்களாலும் விளையாட முடியவில்லை. அதன்பின் ஐரோப்பாவில் எழுந்த மனு இயக்கத்தில் 2025 ஜூலைக்குள் பத்து லட்சம் பேருக்கு மேல் கையெழுத்திட்டார்கள். கலிபோர்னியாவில், விற்பது உடைமையல்ல, உரிமம் மட்டுமே என்றால் அதை வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்ற சட்டம் 2025 ஜனவரி முதல் நடைமுறையில் இருக்கிறது.

நம் நாட்டு 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், மின்வணிகம் என்பதில் டிஜிட்டல் பொருட்களையும் சேர்த்திருக்கிறது. பதிப்புரிமைச் சட்டமும், முறைப்படி வைத்திருக்கும் கணினி நிரலுக்குப் பாதுகாப்புப் பிரதி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. ஆனால் பொருளைப் பூட்டியே விற்கும்போது அந்த இடம் ஏட்டுச் சுரைக்காய்தான். 'வாங்கு' என்று பொத்தானில் எழுதிவிட்டு வாடகைக்குக் கொடுப்பதை நம் சட்டமும் தடுக்க வேண்டும். அதற்கு முதலில் நாம் கேட்க வேண்டும். அழுத பிள்ளைதானே பால் குடிக்கும்.

சட்டம் வரும்வரை நாம் செய்யக்கூடியவை உண்டு. கணக்கின் பெயர், பாஸ்வேர்டு, இணைத்த மின்னஞ்சல் இவற்றை ஒரு நோட்டில் எழுதி, வங்கிப் பாஸ்புக்கோடு வையுங்கள். செத்துப்போன மின்னஞ்சல் முகவரியை இன்றே மாற்றுங்கள். பெட்டியை ஆண்டுக்கு ஒரு முறையாவது ஓட்டிப் பட்டியலைப் பாருங்கள். இறக்காமல் இருப்பதை இறக்குங்கள். வட்டாகவும் கிடைக்கும் விளையாட்டு என்றால் வட்டையே வாங்குங்கள். எக்ஸ்பாக்ஸ் 360இல் வாங்கியவற்றில் பல, அதே கணக்கில் புதிய எக்ஸ்பாக்ஸிலும் ஓடும். பிளேஸ்டேஷன் 3இல் இறக்கியவை பிளேஸ்டேஷன் 5இல் ஓடா. ஆகவே எந்தப் பெட்டியைக் கட்டாயம் வைத்திருக்க வேண்டும் என்று பிள்ளைகளைக் கேட்டு முடிவு செய்யுங்கள்.

நம் சங்கத்துக்கும் ஒரு யோசனை. பொங்கல் விழா, ஆண்டு விழா இவற்றுக்கு இடையே ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலையை இதற்கு ஒதுக்கலாம். பெரியவர்கள் பெட்டிகளையும் போன்களையும் கொண்டுவரட்டும். நம் இளைஞர்கள் உட்கார்ந்து கணக்குகளைச் சரி செய்து கொடுக்கட்டும். விளையாட்டில் தொடங்கினால், போட்டோவும் பாட்டும் மறைந்தவர்களின் குரல் பதிவும் தாமாகவே பின்னால் வரும். நிலத்துக்குப் பத்திரமும் நகைக்குப் பில்லும் பத்திரப்படுத்தக் கற்ற சமூகம் நாம். கண்ணுக்குத் தெரியாத இந்தச் சொத்துக்கும் கணக்கு வைக்கப் பழகிக்கொள்வோம்.