மேகங்களை ஆளுகிறவர் யார்?



கடந்த ஞாயிறு ஆராதனைக்குப்பின் ஒரு தாயார் கலக்கத்தோடு என்னிடம் வந்தார். கல்லூரியில் படிக்கும் அவருடைய மகன் நண்பர்களோடு மேசையைச் சுற்றி அமர்ந்து ஒரு கதை விளையாட்டை ஆடுகிறானாம். மலையுச்சியில் ஒரு கோட்டை. அதற்குள் புயலையும் இடியையும் ஏவும் மந்திரவாதிகள். பகடையை உருட்டி அவர்களை வெல்ல வேண்டும். “ஐயா, இது பில்லிசூனியம் அல்லவா? புத்தகத்தை எரித்துவிடட்டுமா?” என்று கேட்டார்.

வேண்டாம் என்றேன். காரணத்தை உங்கள் அனைவருக்கும் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

இவ்வகை விளையாட்டுகளுக்கு முன்னோடி, கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னெசன் என்னும் இருவர் உருவாக்கி 1974இல் அமெரிக்காவில் வெளிவந்த ‘டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’. வானிலையை மாற்றும் மந்திரமும் அதன் விதிகளில் உண்டு. அதனால் ஒரு துளி மழையும் பெய்ததில்லை. ஆடுகிறவர்கள் அதை எதிர்பார்ப்பதுமில்லை. ஆயினும் 1980களில் அங்குள்ள கிறிஸ்தவர்கள் பலர் அதைச் சாத்தானின் வாசல் என்று முழங்கினார்கள். இளைஞர் சிலர் உயிரை மாய்த்துக்கொண்டதற்கும் அதையே காரணமாக்கினார்கள். பிள்ளைகளின் மனவேதனையைக் கேட்டிருக்க வேண்டியவர்கள் பகடையோடு போர்செய்தார்கள்.

இந்தப் பயம் பழையது. 9ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லியோன் நகரப் பேராயர் அகோபார்டு, மனிதர் கல்மழையை வரவழைக்கிறார்கள் என்ற நம்பிக்கையைக் கண்டித்து ஒரு நூலே எழுதினார். மேகக் கப்பலிலிருந்து விழுந்தவர்கள் என்று நால்வரைப் பிடித்துக் கல்லெறியத் துணிந்த கூட்டத்தோடு அவர் வாதாடினார். புயலைத் தடுப்பதாகச் சொன்னவர்களுக்கு விளைச்சலில் பங்கு கொடுத்த ஜனங்கள், விதவைக்கும் திக்கற்றவனுக்கும் தர்மம் செய்ய மனமற்றிருந்ததைக் கண்டு வருந்தினார்.

பிரியமானவர்களே, அந்தப் பங்கை இன்று வாங்குகிறவர்கள் யார்? காணிக்கை அனுப்பினால் புயல் திசைமாறும் என்று மேடையில் நின்று சொல்லுகிறவர்கள் அல்லவா? நற்செய்திக் கூட்டத்துப் பந்தலின்மேல் மழை பெய்யாவிட்டால் அதை நம் ஜெபத்தின் வல்லமை என்கிறோம். அதே மழைக்காகக் காத்திருந்த அடுத்த ஊர் விவசாயியை நினைத்தோமா? வேறொரு ஊரை வெள்ளம் வாரிக்கொண்டுபோனால், அவர்கள் பாவத்தின் பலன் என்கிறோம். தங்களை ஏற்றுக்கொள்ளாத சமாரியர் கிராமத்தின்மேல் அக்கினியை இறக்கவா என்று கேட்ட யாக்கோபையும் யோவானையும் ஆண்டவர் கடிந்துகொண்டாரே (லூக்கா 9). மலைக்கோட்டை மந்திரவாதியின் ஆசை அன்று சீஷருக்குள்ளேயே இருந்தது.

கர்மேலிலே எலியா மேகத்துக்குக் கட்டளையிடவில்லை. முகத்தை முழங்கால்களுக்கு நடுவே தாழ்த்தி ஜெபித்தார். ஏழாந்தரம் வரைக்கும் காத்திருந்தார் (1 இராஜாக்கள் 18). தங்களைக் கீறிக்கொண்டு தெய்வத்தை வற்புறுத்தியவர்கள் பாகாலின் தீர்க்கதரிசிகளே. ஜெபம் வேண்டுதல், மந்திரமோ நிர்ப்பந்தம். பெயரில் மட்டும் ஜெபமாயிருக்கும் மந்திரத்துக்கே நான் அஞ்சுகிறேன்.

படிப்பையும் உறக்கத்தையும் விளையாட்டு விழுங்கினால் மகனைக் கண்டிக்கத்தான் வேண்டும். அதற்குமுன் ஒருமுறை அவனருகே அமர்ந்து, அந்தக் கோட்டையில் என்ன நடந்தது என்று கேளுங்கள். பிறகு உங்கள் அறைக்குள் சென்று முழங்காலிடும்போது உங்களையே கேளுங்கள்: நான் தேவனிடம் வேண்டுகிறேனா, அவரை ஏவுகிறேனா?

காற்றையும் கடலையும் அமர்த்தினவர் உங்கள் இருதயங்களையும் அமரச்செய்வாராக. ஆமென்.