விளம்பரப் பலகையில் வேந்தர் படம்: பெற்றோர் பார்க்க வேண்டியது எது?

பிளஸ் டூ முடிவுகள் வரும் நேரத்தில் பூந்தமல்லி நெடுஞ்சாலையிலும் ஆவடி, அம்பத்தூர் சாலைகளிலும் கல்லூரி விளம்பரங்கள் நிறைந்துவிடும். பலவற்றில் கட்டடத்தை விடத் தலைவரின் படம் பெரிதாக இருக்கும். "இவ்வளவு பெரிய மனிதர் இருக்கிறாரே, நம்பிச் சேர்க்கலாம்" என்று நம்மில் பலர் முடிவு செய்துவிடுகிறோம். அந்த முகத்துக்கும் நம் பிள்ளை உட்காரும் வகுப்பறைக்கும் என்ன தொடர்பு?

புனேயில் உள்ள இந்தியத் திரைப்படம் மற்றும் தொலைக்காட்சி நிறுவனத்தின் அனுபவம் இதற்கு விடை சொல்கிறது. 1960-ல் தொடங்கப்பட்ட இந்த நிறுவனம் ஒன்றியத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் கீழ் இயங்குகிறது. 2025-ல் நிகர்நிலைப் பல்கலைக்கழகத் தகுதியும் பெற்றது. தலைவரை அமைச்சகம் நியமிக்கும். அன்றாட நிர்வாகம் இயக்குநரின் பொறுப்பு.

2015 ஜூனில், மகாபாரதம் தொடரில் தருமராக நடித்தவரும் பாஜகவைச் சேர்ந்தவருமான கஜேந்திர சவுகான் தலைவராக நியமிக்கப்பட்டார். அவருக்கு அந்தத் தகுதி இல்லை என்று மாணவர்கள் 139 நாட்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அரசு இறங்கி வரவில்லை. அவருக்குப் பின் 2017-ல் வந்த நடிகர் அனுபம் கெர் ஓராண்டில் விலகினார்.

2018 டிசம்பரில் அந்த இடத்துக்கு வந்தவர் பி.பி. சிங். 1998 முதல் இருபது ஆண்டுகள் ஓடிய 'சி.ஐ.டி.' தொடரை உருவாக்கித் தயாரித்தவர். அதே நிறுவனத்தில் 1970-களில் படித்தவர். தலைவராகும் முன்பே அங்கே துணைத் தலைவராக இருந்தவர். நாட்டின் பல ஊர்களில் குறுகிய காலப் பயிற்சி வகுப்புகள் நடத்தும் திட்டத்திலும் முக்கியப் பங்காற்றியவர். பொருத்தமானவர் என்பதில் சந்தேகம் இல்லை.

ஆனால் அவர் காலத்திலேயே, 2019 டிசம்பரில், கட்டண உயர்வை எதிர்த்து மாணவர்கள் உண்ணாவிரதம் இருக்க நேர்ந்தது. தகுதியான ஒருவர் தலைமையில் இருந்தும், படிக்க வரும் எளிய குடும்பத்துப் பிள்ளையின் பணக்கவலை தீரவில்லை. முகம் மாறினால் எல்லாம் மாறிவிடும் என்பது உண்மையில்லை.

அதற்காக இது வெறும் அலங்காரப் பதவி என்று தள்ளிவிடவும் முடியாது. தமிழகத்தின் பெரும்பாலான அரசுப் பல்கலைக்கழகங்களுக்கு ஆளுநரே வேந்தர். துணைவேந்தரை நியமிக்கும் அதிகாரம் யாருக்கு என்ற சண்டை உச்ச நீதிமன்றம் வரை போனது. இடையில் சென்னைப் பல்கலைக்கழகம் 2023 ஆகஸ்ட் முதல் துணைவேந்தர் இல்லாமல், ஒருங்கிணைப்புக் குழுவை வைத்துக் காலம் தள்ளியது. ஆவடி, அம்பத்தூர் பகுதிக் கலைக் கல்லூரிகள் பல அந்தப் பல்கலைக்கழகத்தில் இணைந்தவை என்பதை மறக்கக் கூடாது. மேலே நடக்கும் இழுபறி நம் வீட்டுப் பிள்ளைகள் படிக்கும் இடத்தையும் தொடுகிறது.

நகையை அடகு வைத்தும், வளைகுடாவில் உழைக்கும் தகப்பனின் சம்பளத்தை நம்பியும் கட்டணம் கட்டுகிறோம். எனவே படத்தைப் பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளாமல் சிலவற்றைக் கேட்போம். நிறுவனம் யுஜிசி பட்டியலில் உள்ளதா? பொறியியல் என்றால் ஏஐசிடிஇ, சட்டம் என்றால் பார் கவுன்சில் அனுமதி அந்தக் குறிப்பிட்ட படிப்புக்கு இருக்கிறதா? நாக் தரச்சான்று இன்றும் செல்லுபடியாகுமா? நான்கு ஆண்டுக்கும் சேர்த்து மொத்தக் கட்டணம் எவ்வளவு, எழுத்தில் தருவார்களா? துறையில் நிரந்தரப் பேராசிரியர்கள் எத்தனை பேர்? இப்போது அங்கே படிக்கும் பிள்ளைகள் என்ன சொல்கிறார்கள்?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பி.பி. சிங் கேமரா பிடிக்கக் கற்று, அதே கல்விக்கூடத்தின் தலைவரானவர். ஊடகப் படிப்பு என்றதும் நம் வீடுகளில் பலர் முகம் சுளிக்கிறோம். பிறகு தொலைக்காட்சியில் நம்மைப் பற்றித் தவறாகச் சொல்கிறார்கள் என்று வருந்துகிறோம். ஆர்வமும் திறமையும் உள்ள பிள்ளைக்குத் தரமணி அரசுத் திரைப்படக் கல்லூரியும் புனேயும் இருக்கின்றன. அந்த நுழைவுத் தேர்வு விண்ணப்பத்தை வாங்கிக் கொடுப்பதிலிருந்து நாம் தொடங்கலாம்.