இயந்திரத்திலும் இடைச்செருகல்

ஏட்டுச்சுவடிகளைப் பரிசோதித்து அச்சிட்டோர் நமக்குத் தந்த சொற்களுள் ஒன்று இடைச்செருகல். மூலநூலாசிரியர் எழுதாத ஒன்றை, அவர் எழுதியதுபோலவே, பிற்காலத்தார் ஒருவர் நடுவே புகுத்திவிடுவது இடைச்செருகல். புகுத்தியவர் தம் பெயரை இடுவதில்லை. படிப்பவர் அதனை மூலமென்றே நம்புகின்றார். நம்பிப் பொருள் கொள்கின்றார். அப்பொருளின்மேல் வேறு முடிவுகளையும் கட்டுகின்றார். ஆதலால் இடைச்செருகலின் தீமை புகுத்திய சில அடிகளோடு நிற்பதில்லை. அவற்றை நம்பியெழுந்த முடிவுகள் அனைத்திலும் அது பரந்துவிடுகின்றது.

இச்சொல்லை இன்று மோட்டார் ஊர்திக்கும் எடுத்தாள வேண்டியிருக்கின்றது. காரின் எஞ்சினை ஆளும் கணினியொன்று உண்டு. எஞ்சினிலுள்ள உணரிகளுக்கும் அக்கணினிக்கும் நடுவே இன்னொரு சிறு பெட்டியை இணைத்து ஆற்றலைக் கூட்டும் வழக்கம் ஜேர்மனி, அமெரிக்கா, ஜப்பான், தென்னாபிரிக்கா முதலிய நாடுகளிற் பரவியுள்ளது. முதுகிற் சுமக்கப்படுவது என்னும் பொருள்பட ஆங்கிலத்தில் இதற்கொரு பெயர் வழங்குகின்றது. நம் சிறுவர் உப்புமூட்டை ஏறுவதுபோல, பெரிய கணினியின் முதுகில் ஏறியிருக்கும் சிறிய கணினி என்பது கருத்து. தமிழிலே துணைக்கட்டுப்பாட்டுப் பெட்டி எனலாம். ஆனால், துணை என்னும் அடைமொழிக்கு அது தகுமோ என்பதே என் கேள்வி.

மோட்டாரைப் பற்றித் தமிழாசிரியன் பேசுவதேன் என்று சிலர் வினவக்கூடும். எஞ்சினைத் திருத்துவது அத்தொழில் அறிந்தோர் பணியே. ஆயின் மூலம் எது, செருகல் எது, சாட்சி எது, பொய்ச்சாட்சி எது என்று பகுத்தறிவது எங்கள் வகுப்பறைக்கும் உரியது. மேல்வகுப்பு மாணவர் இப்பெட்டியை நுட்பமான வித்தையென்று வியந்து பேசுவதைக் கேட்கின்றேன். வித்தைதான், அஃது எத்தகைய வித்தை என்பதை ஆராய்வோம்.

காபுரேற்றர் இருந்த காலத்தில், காற்றும் பெற்றோலும் எவ்வளவிற் கலக்க வேண்டுமென்பதைத் துளைகளும் ஊசிகளும் தீர்மானித்தன. 1967 இல் ஜேர்மனியின் பொஷ் நிறுவனம் செய்த, மின்னியலால் ஆளப்படும் பெற்றோல் தெளிப்பு முறை வொல்க்ஸ்வாகன் 1600 காரில் வந்தது. 1976 இல் புகையிலுள்ள ஒட்சிசனை அளக்கும் உணரி சுவீடனின் வொல்வோ காரிற் பொருத்தப்பட்டது. 1979 இல் எரிபொருளின் அளவையும் தீப்பொறியின் நேரத்தையும் ஒரே கணினி ஆளும் முறை பிஎம்டபிள்யூ 732ஐ காரில் அமைந்தது. அதன்பின் எஞ்சினில் நிகழ்வன யாவும் படிப்படியாகக் கணினியின் ஆட்சிக்குள் வந்தன.

இக்கணினி எவ்வாறு துணிகின்றது? காட்சி, கருதல், உரை என அளவைகள் மூன்று என்பர் தருக்க நூலார். மூன்றும் இங்கே உள்ளன. உட்புகும் காற்றின் அளவு, வெப்பநிலை, எரிபொருளின் அமுக்கம், புகையிலுள்ள ஒட்சிசன் ஆகியவற்றை உணரிகள் அளந்து மின்குறிகளாக அனுப்புகின்றன, இவை காட்சி. எஞ்சினைச் செய்தோர் நெடுநாட் சோதித்து எழுதிவைத்த அட்டவணைகள் கணினியின் நினைவில் உள்ளன, இவை உரை. இவ்விரண்டையும் கொண்டு, இந்த நொடியில் இவ்வளவு எரிபொருள் வேண்டும் என்று கணினி முடிவு செய்வது கருதல். நிறையளவில் ஒரு பங்கு பெற்றோல் முற்றாக எரிவதற்கு ஏறத்தாழ 14.7 பங்கு காற்று வேண்டும். இவ்விகிதம் பிறழாதபடி கணினி இடைவிடாது பார்த்துத் திருத்திக்கொண்டே செல்கின்றது. இத்தனைக்கும் அடிப்படை காட்சி. காட்சி பிழைத்தால் கருதலும் பிழைக்கும், உரையினாற் பயனில்லை.

இனிப் பெட்டியின் செயலைக் காண்போம். இன்றைய டீசல் எஞ்சின்களில் எரிபொருள் முதலில் ஒரு பொதுக்குழாயிலே மிகுந்த அமுக்கத்தில் நிரப்பப்படுகின்றது. அங்கிருந்து ஒவ்வோர் உருளைக்குள்ளும் தெளிக்கப்படுகின்றது. 1997 இல் அல்பா றோமியோ 156 காரில் இம்முறை வந்தபோது அமுக்கம் ஏறத்தாழ 1350 பார். இன்று 2000 பாரைக் கடந்த எஞ்சின்களும் உள்ளன. தெளிப்பான் திறந்திருக்கும் நேரம், எரிபொருளின் அமுக்கம் என்னும் இரண்டுமே உட்செல்லும் டீசலின் அளவைத் தீர்மானிப்பன. அவ்வமுக்கத்தை அளக்கும் உணரியின் இணைப்பைக் கழற்றி, நடுவே பெட்டியை வைக்கின்றனர்.

எடுத்துக்காட்டாக, குழாயிலே உண்மையில் 1400 பார் நிற்கின்றது என்று கொள்வோம். கணினி வேண்டுவதும் 1400 பாரே. உணரியும் 1400 என்றே சொல்கின்றது. பெட்டி அதனைக் கேட்டு, கணினியிடம் 1250 என்கின்றது. குறைந்துவிட்டதே என்று எண்ணிக் கணினி அமுக்கத்தை உயர்த்துகின்றது. 1400 ஆயிற்று என்று பெட்டி சொல்லும் வேளையில் குழாயில் 1550 பார் ஏறியிருக்கும். தெளிப்பான் முன்போன்ற நேரமே திறந்தாலும் முன்னிலும் மிகுதியான டீசல் உட்செல்கின்றது. வண்டி பாய்கின்றது, ஓட்டுபவர் மகிழ்கின்றார். பெட்டியோ ஒரு துளி டீசலைத்தானும் தெளிக்கவில்லை. அது செய்தது ஒன்றே: கேட்டதை மாற்றிச் சொன்னது. பெற்றோல் எஞ்சினிலே காற்றின் அளவையோ டர்போவின் அமுக்கத்தையோ குறித்த செய்தியை மாற்றும் பெட்டிகளும் இவ்வினத்தனவே.

பெட்டியை ஆதரிப்போர் கூறுவன மூன்று. எஞ்சினைச் செய்தோர் ஆற்றல் முழுவதையும் பயன்படுத்தாது மிச்சம் வைத்திருக்கின்றனர்; ஒரே எஞ்சினை வெவ்வேறு ஆற்றலுடையதாக விற்பதே சான்று என்பது முதல் வாதம். மூலநிரலைத் தொடாமையால் வேண்டாதபோது கழற்றிவிடலாம் என்பது இரண்டாவது. என் வண்டியை நான் விரும்பியவாறு ஆக்குகின்றேன் என்பது மூன்றாவது.

முதல் வாதத்தில் உண்மை உண்டு. ஆனால் கூடிய ஆற்றலோடு விற்கப்படும் எஞ்சினில் டர்போ, தெளிப்பான், குளிரூட்டும் அமைப்பு, கிளச்சு என்பனவும் பலவிடத்து வேறாயிருக்கும். பெயர் ஒன்றானதால் பொருள் ஒன்றாகிவிடாது. அன்றியும், மிச்சம் வீணே கிடப்பதன்று. கடுவெயில், மலையேற்றம், தரங்குறைந்த எரிபொருள், அழுக்கடைந்த வடிகட்டி, எஞ்சினின் முதுமை ஆகியன ஒருங்கே வந்து நெருக்கும் நாளுக்கென வைத்த சேமிப்பு அது. விதைநெல்லைக் குற்றிச் சோறாக்கினாலும் அன்றைக்கு வயிறு நிறையத்தான் செய்யும்.

இரண்டாவது வாதமே என்னை அஞ்சச் செய்கின்றது. பெட்டியைக் கழற்றலாம், அஃது இருந்தபோது எஞ்சின் பட்ட தேய்வைக் கழற்ற இயலாது. எளிதிற் காணத்தக்க அடையாளமின்றி அகற்றக்கூடியது என்பது, அடுத்து அக்காரை வாங்குபவர் உண்மையை அறிவது அரிது என்பதன் மறுபெயர். ஜப்பானிலே ஓடிய கார்களை வாங்கிப் பழகிய இலங்கையருக்கு இது தொலைவிலுள்ள செய்தியன்று.

மூன்றாவது வாதத்துக்கு விடை புகைபோக்கியிலே இருக்கின்றது. வண்டி என்னுடையது, வெளிவரும் புகை ஊருடையது. அமெரிக்காவின் தூயகாற்றுச் சட்டம் புகைத்தடுப்பு அமைப்புகளைச் சிதைப்பதையும், அதற்கான கருவிகளை விற்பதையும் தடுக்கின்றது. அவ்வமைப்புகள் நீக்கப்பட்ட டீசல் பிக்கப் வண்டிகள், ஏறத்தாழப் பத்தாண்டுகளில், 550,000 க்கும் மேற்பட்டன என்று அந்நாட்டுச் சுற்றாடல் பாதுகாப்பு முகவரகம் 2020 இல் மதிப்பிட்டது. அவையனைத்தும் இவ்வகைப் பெட்டியால் விளைந்தன என்று நான் கூறவில்லை. என் வண்டி, என் விருப்பம் என்னும் வாதம் எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கே அந்த எண்ணைக் காட்டினேன். ஜேர்மனியிலோ, புகையின் தன்மை கெடுமாறு வண்டியை மாற்றினால் வீதியில் ஓடுவதற்கான அனுமதியே அற்றுப்போகும்.

இனி, பொய்யின் இயல்பைக் கவனிக்க வேண்டும். அது தனியே நிற்பதில்லை. உட்சென்ற டீசல் குறைவென்று கணினி நம்புவதால், ஓட்டுபவர் முன்னுள்ள திரையில் எரிபொருட்செலவும் குறைவாகவே காட்டப்படும். பெட்டி பூட்டியபின் செலவு குறைந்தது என்று பெருமை பேசுவோர் இதனை எண்ணிப் பார்ப்பதில்லை. கணினியை ஏமாற்றியவர் தம் பெட்டியாலேயே தாம் ஏமாறுகின்றார்! தானியங்கிக் கியர்ப்பெட்டி, எஞ்சினின் முறுக்குவிசை எவ்வளவென்று கணினியிடம் கேட்டே தன் பிடியின் இறுக்கத்தை அமைக்கின்றது. கணினி அறிந்து சொல்வது குறைந்த விசை. உண்மையில் வருவது மிகுந்த விசை. பிடி வழுக்கித் தேய்வதற்கு அதுவே வழி. பெற்றோல் எஞ்சினில், கலவை பிழைத்ததென்று ஒட்சிசன் உணரி சான்று சொல்லும்; கணினி அச்சான்றை ஏற்று, பெட்டி செய்த மாற்றத்தைச் சில நாட்களில் அழித்துவிடும். அப்பொழுது ஒட்சிசன் உணரியின் சொல்லையும் மாற்றும் கம்பியொன்று பெட்டியிலிருந்து புறப்படுகின்றது. முதற்பொய்யைக் காக்க இரண்டாம் பொய்.

இவ்வளவும் கூறியதனால், எஞ்சின் கணினியோடு இன்னொரு கணினியை இணைப்பதே தீது என்று கொள்ளற்க. பெற்றோற் கார்களை எரிவாயுவுக்கு மாற்றுவது இத்தாலியிலே நெடுங்கால வழக்கு. அதற்கும் இரண்டாவது கணினியொன்று வேண்டும். தெளிப்பான் எவ்வளவு நேரம் திறக்கவேண்டும் என்று பெற்றோற் கணினி கட்டளையிடும். இரண்டாவது கணினி அக்கட்டளையை வாங்கி, வாயுவின் அமுக்கத்தையும் வெப்பநிலையையும் கணக்கிட்டு, வாயுத் தெளிப்பானுக்கு ஏற்ற நேரமாக மாற்றிக் கொடுக்கும். இது மொழிபெயர்ப்பாளன் தொழில்.

அங்கும் ஒரு போலி உண்டு. பெற்றோல் தெளிப்பான் வேலை செய்யாதபோது கம்பி அறுந்ததென்று மூலக்கணினி மயங்காதிருக்க, தெளிப்பான் இருப்பதுபோன்ற மின்சுமையொன்றை இரண்டாவது கணினி காட்டுகின்றது. இதுவும் பொய்யன்றோ என்றால், இலக்கணத்திலும் போலி உண்டு என்பேன். ஐந்து என்பது அஞ்சு என நின்றாலும் எண் மாறுவதில்லை. அதுபோல, உருளைக்குள் நிகழ்வதைப் பற்றிய அறிவு இங்கே திரிக்கப்படவில்லை. ஒட்சிசன் உணரியின் சாட்சி உள்ளவாறே கணினியை அடைகின்றது; வாயு மிகினும் குறையினும் கணினி அறிந்து திருத்தும். எழுத்து மாறியும் பொருள் மாறாதது ஒன்று. எழுத்து மாறாததுபோற் காட்டிப் பொருளை மாற்றுவது மற்றொன்று.

கணினியின் அட்டவணைகளையே திருத்தியெழுதும் வேறொரு முறையும் உண்டு. அதனையும் புகைச்சட்டம் கட்டுப்படுத்தும். எனினும் காட்சி கெடாமையால், உண்மையான அமுக்கம் எவ்வளவென்று கணினி அறிந்திருக்கும். ஆபத்து வரின் எஞ்சினைத் தளர்த்தும். செருகுவதினும் வெளிப்படையாகத் திருத்துவது மேல்.

ஆயினும் மூலம் எனப்படுவதெல்லாம் மெய்யாகிவிடாது. 2015 செப்டெம்பர் 18 இல் அமெரிக்கச் சுற்றாடல் பாதுகாப்பு முகவரகம் வொல்க்ஸ்வாகன் நிறுவனத்தின்மேற் குற்றஞ்சாட்டியதை உலகம் அறியும். சோதனை நடக்கும்போது மட்டும் புகைத்தடுப்பை முழுமையாக இயக்கி, வீதியிலே தளர்த்திவிடும் நிரலை, காரைச் செய்தவர்களே கணினியில் எழுதியிருந்தார்கள். வீதியில் நைதரசன் ஒட்சைட்டுகள் விதித்த அளவின் 40 மடங்கு வரை வெளியேறின. உலகெங்கும் ஏறத்தாழ 1 கோடியே 10 இலட்சம் கார்களில் அந்நிரல் இருந்ததை நிறுவனமே ஒப்புக்கொண்டது. 2014 இல், ஓடும் காரின் புகையை வீதியிலேயே அளந்த மேற்கு வேர்ஜீனியாப் பல்கலைக்கழகத்தாரின் ஆய்வே இவ்வுண்மைக்கு வழி திறந்தது. சிறு பெட்டியைக் கண்டிக்கும் நாம், பெரிய நிறுவனத்தின் நிரலையும் அதே கோலால் அளக்க வேண்டும்.

அக்கோல் எது? மாணவர்க்கு மூன்று வினாக்களைத் தருகின்றேன். இக்கருவி காட்சியைத் திரிக்கின்றதா, அன்றி முடிவைச் செயற்படுத்துகின்றதா? அது செய்வதை, பாதிக்கப்படக்கூடியோர் எல்லாரும் அறிவார்களா? அதனைப் பிறரொருவர் அளந்து சரிபார்த்திருக்கின்றாரா? கலிபோர்ணியாவிலே, காற்று வள சபையாற் சோதிக்கப்பட்டு, புகையைக் கூட்டாது என்று கண்ட கருவிக்கு ஆணையெண் வழங்கப்படுகின்றது. அவ்வெண்ணை எவரும் கேட்டுப் பார்க்கலாம். அவ்வாறு அளக்கப்பட்டு, வெளிப்படையாய் நிற்கும் கருவியைத் துணையென்று அழைப்பதில் எனக்குத் தடையில்லை. ஏனையவற்றுக்குப் பழைய சொல்லே பொருந்தும்.

மனிதனுக்குப் பதிலாகக் கணினி தீர்ப்புச் சொல்லும் இடங்கள் நாளுக்கு நாள் பெருகுகின்றன. தீர்ப்பை மாற்ற விரும்புவோர் பலர் தோன்றுவர். தீர்ப்பை எதிர்த்து வாதிடலாம். சட்டத்தைத் திருத்தி எழுதலாம். சாட்சியின் வாயை மட்டும் மாற்றலாகாது. இதனை மாணவருக்கு உணர்த்துவதற்கு மோட்டார்ச் சாலையும் நல்ல பள்ளிக்கூடந்தான்.