வீட்டுக்கடனின் முழு விலை: நீலகிரிக் கடன்தாரர்கள் குறித்த நிலைப்பாட்டு அறிக்கை

வீட்டுக்கடனின் விலையை மாதத் தவணையாகச் சொல்வதும், அந்தத் தவணை சம்பளத்துக்குள் அடங்கிவிட்டால் கடன் கட்டுப்படியாகும் என்று முடிவுசெய்வதும் இன்று நிலைத்துவிட்ட வழக்கம். இவ்வழக்கம் கடன்தாரருக்குப் பாதகமானது என்பதே இவ்வறிக்கையை வெளியிடும் அமைப்பின் நிலைப்பாடு. கடனின் முழுக் காலத்துக்குமான செலவு, கையெழுத்துக்கு முன்பும் வட்டி மாறும் ஒவ்வொரு முறையும், ரூபாய்க் கணக்கில், தமிழில் கடன்தாரர் முன் வைக்கப்பட வேண்டும்; அவர் எழுதித் தேர்ந்தெடுக்காமல் கடனின் காலம் ஒரு மாதம்கூட நீட்டிக்கப்படக் கூடாது. இதனை நீலகிரி மாவட்டத்தை முன்வைத்து விளக்கக் காரணம் உண்டு. சரிவான நிலம், பருவத்தோடு ஏறியிறங்கும் தேயிலை வருமானம், ஓய்வுபெற்றதும் காலிசெய்ய வேண்டிய எஸ்டேட் குடியிருப்பு, கூடலூர்ப் பகுதியின் தீராத நில உரிமைச் சிக்கல் ஆகியவை சேர்ந்து, சமவெளியின் மாதச் சம்பளக்காரரை மனத்தில் வைத்து வகுக்கப்பட்ட கடன் கணக்கை இம்மலையில் பொருந்தாததாக்கிவிடுகின்றன.

தவணை என்பது அசலும் வட்டியும் கலந்த ஒரே தொகை. மாதந்தோறும் அத்தொகை மாறாதிருந்தாலும் அதன் உட்பிரிவு மாறிக்கொண்டே வருகிறது. ஏனெனில் நிலுவையில் நிற்கும் அசலுக்கு அந்தந்த மாத வட்டி கணக்கிடப்பட்டு, தவணையிலிருந்து முதலில் அது கழிக்கப்பட்டு, மிஞ்சுவது மட்டுமே அசலில் வரவு வைக்கப்படுகிறது. 30 லட்சம் ரூபாயை 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்கு வாங்கினால் தவணை 26,035 ரூபாய். முதல் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போய்விட, 4,785 ரூபாயே அசலைக் குறைக்கிறது. பத்து ஆண்டுகள் ஒரு தவணையும் தவறாமல் 31 லட்சத்துக்கு மேல் கட்டிய பிறகும் நிலுவை ஏறக்குறைய 21 லட்சமாக நிற்கும். அசலில் பாதி தீர்வதற்குச் சுமார் 13 ஆண்டு 10 மாதம் ஆகும். கடன் முடியும்போது செலுத்திய மொத்தம் 62.48 லட்சம். இதே கடனை 30 ஆண்டுகளாக்கினால் தவணை 23,067 ரூபாயாக இறங்குகிறது, மொத்தமோ 83 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் மூவாயிரம் ரூபாய்கூட நிறையாத அந்தச் சலுகைக்குக் கடன்தாரர் தரும் விலை 20 லட்சத்துக்கும் மேல். கடன் 10 லட்சமானாலும் விகிதம் மாறுவதில்லை.

இந்தக் கூட்டலுக்கு நியாயமான மறுப்பு ஒன்று உண்டு, அதை ஒதுக்கிவிட முடியாது. ரூபாயின் மதிப்பு ஆண்டுதோறும் தேய்கிறது. 2016 முதல் நடைமுறையில் உள்ள 4 சதவீதப் பணவீக்க இலக்கின்படியே விலைவாசி உயர்வதாகக் கொண்டால், இருபதாம் ஆண்டின் இறுதியில் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 11,900 ரூபாய் அளவே இருக்கும். வீடு வாங்கியவர் வாடகை தருவதில்லை, வீட்டின் மதிப்பும் உயரக்கூடும். ஆகவே 62 லட்சம் என்ற எண்ணைக் காட்டிக் கடனே வேண்டாம் என்று அச்சுறுத்துவது இவ்வமைப்பின் நோக்கமன்று. ஆனால் இந்த ஆறுதல், விலைவாசியோடு சேர்ந்து வருமானமும் உயர்பவருக்கே செல்லும். அகவிலைப்படி பெறும் அரசு ஊழியரின் நிலை அது. பசுந்தேயிலையின் விலையோ ஏலச் சந்தையில் தூளுக்குக் கிடைக்கும் விலையை ஒட்டி மாதந்தோறும் தீர்மானிக்கப்படுகிறது. உரமும் பறிப்புக்கூலியும் ஏறிய வேகத்தில் அது ஏறவில்லை என்பது படுகர் ஊர்களிலும் பிற சிறு தேயிலை விவசாயிகளிடமும் பல்லாண்டுகளாக ஒலிக்கும் முறையீடு. வருமானம் தேங்கி நிற்பவருக்குக் கடைசித் தவணையும் ஏறத்தாழ முதல் தவணை அளவுக்கே கனக்கும்.

வட்டி மாறும்போது நிகழ்வது இதைவிடக் கவனத்துக்குரியது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் வழங்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அந்த அளவுகோல் பெரும்பாலும் ரெப்போ, அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலத்துக்குக் கடன் தரும் வட்டி விகிதம். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இக்கட்டாயம் இல்லை. அவை தாங்களே நிர்ணயிக்கும் விகிதத்தைப் பின்பற்றுகின்றன. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக உயர்ந்தது. 7 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளுக்கு 30 லட்சம் வாங்கி, 23,259 ரூபாய்த் தவணையை ஓராண்டு கட்டியவரின் வட்டி 9.5 சதவீதமானதாகக் கொண்டு கணக்கிட்டால், தவணையை உயர்த்தாத நிலையில் அம்மாதம் அசலில் சேர்வது ஏறக்குறைய 74 ரூபாய். அந்த வேகத்தில் கடன் தீர அறுபது ஆண்டுகள் வேண்டும். தவணை மாறாததால் வங்கிக் கணக்கில் எந்த மாற்றமும் தெரியாது. சம்பளம் வரும், தவணை பிடிக்கப்படும், கடன் அசையாமல் நிற்கும்.

நாடெங்கும் கடன்தாரர்கள் இந்நிலைக்கு ஆளான பிறகே, 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி புதிய அறிவுறுத்தலை வெளியிட்டது. வட்டி திருத்தப்படும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வு கடன்தாரருக்குத் தரப்பட வேண்டும். காலநீட்டிப்பால் வட்டியே முழுதும் அடையாமல் கடன் வளரும் நிலை ஏற்படக் கூடாது. இதுவரை வசூலான அசல், வட்டி, மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை காலாண்டுதோறும் தரப்பட வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல், கடனின் முக்கிய விவரங்களை எல்லாக் கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டு விகிதத்தோடும் தவணை அட்டவணையோடும், கடன்தாரருக்குப் புரியும் மொழியில் எழுதித் தருவதும் கட்டாயம். விதிகள் பெரும்பாலும் சரியானவையே. குறை இரண்டு இடத்தில் உள்ளது. அட்டவணை இன்றைய வட்டியை மட்டுமே காட்டுகிறது; வட்டி 2 சதவீதப் புள்ளி உயர்ந்தால் மேற்சொன்ன 30 லட்சத்தின் தவணை 29,951 ரூபாயாகவும் மொத்தம் 71.88 லட்சமாகவும் ஆகும் என்ற இரண்டாவது அட்டவணையும் அதன் பக்கத்தில் இருக்க வேண்டும். அடுத்ததாக, கடன்தாரர் பதில் தராதபோது காலநீட்டிப்பையே அவரது விருப்பமாக எடுத்துக்கொள்ளும் நடைமுறையை இவ்வமைப்பு ஏற்கவில்லை. மௌனம் சம்மதமாகக் கொள்ளப்படக் கூடிய இடமன்று இது. 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 5.5 சதவீதமாகக் குறைக்கப்பட்டபோது, முன்பு நீட்டிக்கப்பட்ட கடன் காலம் தானாகவே சுருங்கியதா என்பதையும் ஒவ்வொரு கடன்தாரரும் காலாண்டு அறிக்கையில் பார்த்தறிய வேண்டும்.

மலையில் வீட்டின் விலை கட்டடத்தோடு நிற்பதில்லை. சரிவை வெட்டிச் சமப்படுத்துதல், தடுப்புச் சுவர், மழைநீர் வடிகால், மேட்டுப்பாளையத்திலிருந்து ஏறிவரும் மணல், செங்கல், கம்பிக்கான லாரி வாடகை, சாலை முடியும் இடத்திலிருந்து தலைச்சுமையாக எடுத்துச் செல்லும் கூலி ஆகியவை வங்கியின் மதிப்பீட்டில் முழுமையாக இடம்பெறுவது அரிது. விடுபட்ட தொகைக்கு நகைக்கடனும் சீட்டும் துணைக்கு வருவதால் உண்மையான வட்டிச் சுமை வீட்டுக்கடன் பத்திரத்துக்கு வெளியே வளர்கிறது. முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் பதிவுக் கட்டணம் 2 சதவீதமும் பொதுவாகக் கடனில் சேராதவை. அவை சேமிப்பிலிருந்து வர வேண்டும். கட்டுமானக் காலத்தில் வங்கி விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் வசூலிக்கப்படும் முன்தவணைக் காலமும் இங்கே நீளக்கூடியது. ஜூனில் தொடங்கும் தென்மேற்குப் பருவமழையும் அதை அடுத்து வரும் வடகிழக்குப் பருவமழையும் ஆண்டில் பல மாதங்களை எடுத்துக்கொள்ள, மலைப்பகுதிக் கட்டட அனுமதிகளும் கூடுதல் காலம் பிடிக்கின்றன. 20 லட்சம் விடுவிக்கப்பட்ட நிலையில் பணி ஆறு மாதம் தாமதமானால் 85,000 ரூபாய் வட்டியாகப் போகும். அசலில் ஒரு ரூபாயும் குறையாது.

காப்பீட்டில் இரண்டு வகையைக் கடன்தாரர்கள் ஒன்றாகக் கருதிவிடுகின்றனர். கடன்தாரர் இறந்தால் கடனை அடைக்கும் ஆயுள் காப்பீட்டின் ஒற்றைப் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிடும் வழக்கம் உள்ளது. ஒரு லட்சம் பிரீமியம் 8.5 சதவீதத்தில் 20 ஆண்டு முடிவில் 2.08 லட்சமாகிறது. இந்த ஆயுள் காப்பீடு விற்கப்படும் உற்சாகத்தில் பாதியேனும் மற்ற வகையான கட்டடக் காப்பீட்டுக்குக் காட்டப்பட்டால் மலைக்கு நல்லது. 2009 நவம்பரில் நீலகிரியில் மண்சரிவுகள் 40-க்கும் மேற்பட்ட உயிர்களைப் பறித்தன. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 82 செ.மீ. மழை பெய்தது. வீடு சரிந்தாலும் கடன் சரிவதில்லை. 2021 ஏப்ரல் முதல் பொதுக் காப்பீட்டு நிறுவனங்கள் விற்க வேண்டிய ‘பாரத் கிருஹ ரக்ஷா’ என்ற சீர்தரப் பாலிசி நிலச்சரிவையும் உள்ளடக்கியது. அப்பாலிசி கடன் காலம் முழுவதும் நடப்பில் உள்ளதா என்பதை ஆண்டுதோறும் கடன்தாரருக்கு நினைவூட்டுவது கடன் வழங்கியவரின் கடமையாக்கப்பட வேண்டும்.

வருமானத்தின் தாளத்துக்கும் தவணைத் தேதிக்கும் பொருத்தமில்லை என்பது மலைக்கே உரிய இன்னொரு சிக்கல். மழைக்குப் பின் கொழுந்து குவியும் மாதங்களும், டிசம்பர், ஜனவரி உறைபனியில் இலை கருகும் மாதங்களும் ஒன்றல்ல. கவ்வாத்து செய்த தோட்டம் மீண்டும் கொழுந்து தரப் பல மாதங்கள் ஆகும். மூன்று மாதம் தவணை நின்றால், அதாவது நிலுவை 90 நாளைத் தாண்டினால், கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்பட்டு, 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் அறிவிப்புக்குப் பின் வீட்டைக் கைப்பற்றும் நடவடிக்கைக்கு வழி திறக்கிறது. பயிர்க்கடனில் பருவத்தை ஏற்கும் வங்கி, அதே விவசாயியின் வீட்டுக்கடனில் ஏற்க மறுப்பதற்குத் தக்க காரணம் இல்லை. கொழுந்து மிகும் மாதங்களில் கூடுதலாகவும் பனி மாதங்களில் குறைவாகவும் கட்டும் பருவத் தவணை நீலகிரியில் நடைமுறைக்கு வர வேண்டும். அதுவரை கைவசம் உள்ள வழி முன்கூட்டிச் செலுத்துதல். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் கட்டணம் வசூலிக்க 2012 முதல் தடை உள்ளது. தீபாவளி போனஸிலிருந்தோ மிகுந்த கொழுந்தின் வரவிலிருந்தோ ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால், முதலில் சொன்ன கடன் மூன்று ஆண்டுக்கும் மேல் முன்னதாகவே முடிந்து, ஆறு லட்சத்துக்கும் மேல் மிச்சமாகும். கூடுதல் தொகையை அசலில் வரவு வைத்துக் காலத்தைக் குறைக்குமாறு எழுதிக் கொடுப்பது அவசியம்.

விருந்தினர் வீடாக வாடகைக்கு விட்டுத் தவணையைக் கட்டலாம் என்ற கணக்கில் உதகையிலும் குன்னூரிலும் வாங்கப்படும் வீடுகள் பற்றி ஒரு சொல் போதும். 2024 மே மாதம் சென்னை உயர் நீதிமன்ற உத்தரவால் சுற்றுலா வாகனங்களுக்கு இ-பாஸ் வந்தது. 2025 ஏப்ரலில் வாகன எண்ணிக்கைக்கே வரம்பு வந்தது. 20 ஆண்டுக் கடனை அத்தகைய வருமானத்தின் மீது நிறுத்துவதை இவ்வமைப்பு பரிந்துரைக்கவில்லை.

எஸ்டேட் தொழிலாளர் குடும்பங்களின் நிலை வேறு. 1951-ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் குடியிருப்பை நிர்வாகத்தின் பொறுப்பாக்கியதால் லயன் வீடு வேலையோடு வந்தது, வேலையோடு போகிறது. 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தப்படி தாயகம் திரும்பியவர்களுக்காக உருவான, மாநில அரசு நிறுவனமான டேன்டீயின் தேயிலைத் தோட்டங்களிலும் ஓய்வுபெற்றோரின் குடியிருப்பு ஓயாத பிரச்சினையாயிற்று. கொழுந்து பறிப்பவரின் நாட்கூலிக்கு வங்கிகள் பெரிய கடன் தருவதில்லை. கோயம்புத்தூரிலோ திருப்பூரிலோ வேலை பார்க்கும் பிள்ளையின் பெயரில் கடன் எழுதப்பட்டு, பெற்றோரின் பணிக்கொடை முன்பணமாகிறது. முதுமைக்கென இருந்த ஒரே தொகை அப்படிச் செலவாவதால், அக்குடும்பத்துக்குக் கடனின் விலையில் அதுவும் அடங்கும். கடனின் கடைசித் தவணை, கடன்தாரரின் ஓய்வு வயதைத் தாண்டும்படி கடனோ காலநீட்டிப்போ வழங்கப்படும்போது, ஓய்வுக்குப் பின் எந்த வருமானத்திலிருந்து அது கட்டப்படும் என்பது ஒப்பந்தத்திலேயே எழுதப்பட வேண்டும்.

வங்கிக்குள் நுழையவே முடியாதவர்கள் செலுத்தும் வட்டி எல்லாவற்றையும்விடக் கூடுதல். கூடலூர், பந்தலூர் வட்டங்களில் 1969-ஆம் ஆண்டின் ஜென்ம எஸ்டேட்டுகள் ஒழிப்புச் சட்டத்தின் 17-ஆம் பிரிவில் சிக்கிய நிலங்களில் தலைமுறைகளாக வாழ்வோருக்குப் பட்டா இல்லை. பட்டா இல்லாத இடத்தை வங்கி ஈடாக ஏற்பதில்லை, 8.5 சதவீத வட்டி குறித்த விவாதமே அவர்களுக்கு எட்டாதது. அவர்களின் வீடுகள் நகைக்கடனிலும் தனியார் வட்டியிலும் எழுகின்றன; மாதம் நூற்றுக்கு மூன்று ரூபாய் வட்டி என்பது ஆண்டுக்கு 36 சதவீதம். கந்துவட்டியைத் தடுக்க 2003-இல் இயற்றப்பட்ட தமிழ்நாட்டுச் சட்டம் புகார் வந்த பிறகே செயல்படும். புகார் தருபவருக்கு அடுத்த கடன் கிடைக்காது என்பதால் அது அரிதாகவே வருகிறது. அந்த நிலங்களின் குடியிருப்புப் பகுதிகளையேனும் தனியே அளந்து உரிமையைத் தீர்க்கும்வரை, வீட்டுக்கடன் வட்டி குறித்து ரிசர்வ் வங்கி எடுக்கும் எந்த முடிவும் கூடலூரை அடுத்த நாடுகாணி வரை சென்று சேராது; அதற்குரிய கோரிக்கையை இவ்வமைப்பு வங்கிகளிடமன்றி மாநில வருவாய்த் துறையிடமே முன்வைக்கிறது.