எப்சிபான்னா என்னங்க அர்த்தம்?

எங்க வீட்டு பாப்பாவுக்கு இன்னும் இருபது நாள்ல ஒரு வயசு. பேர் கிடையாது. பிறப்புச் சான்றிதழ்ல பேர் இருக்க வேண்டிய கட்டம் காலியா இருக்கு. தடுப்பூசி அட்டையில தங்கமணி பேரைப் போட்டு, அவங்க குழந்தைன்னு எழுதி இருக்காங்க. ஒரு வருஷத்துக்குள்ள பேரைப் பதிஞ்சா காசு கிடையாது, அதுக்கப்புறம் தாமதக் கட்டணம் கட்டி 15 வருஷம் வரைக்கும் பதியலாம். இதை தங்கமணிகிட்ட சொன்னேன். "அப்ப 15 வயசுல அவளே பாத்து வெச்சிக்கட்டும், நீங்க மூடிட்டுப் படுங்க"ன்னு பதில் வந்துது.

சண்டை எதுக்குன்னா, நான் சொல்ற பேர் எப்சிபா.

ஆபீஸ்ல சொன்னேன். பக்கத்து சீட் நண்பன், "அது என்ன மச்சி, ஆன்டிபயாட்டிக்கா? சாப்பாட்டுக்கு முன்னாடியா பின்னாடியா?"ன்னான். மாமியார் வீட்டுல, "வாயில நுழையற மாதிரி ஒண்ணு வெக்கக் கூடாதா"ன்னாங்க. சொந்தக்காரப் பசங்க எல்லாம் ஜெ-ல ஆரம்பிச்சு ஷா-ல முடியற பேரா அனுப்பினாங்க. ஒவ்வொண்ணுக்கும் அர்த்தம் கேட்டேன். "ஸ்வீட்டா இருக்குல்ல"ங்கறதைத் தாண்டி ஒருத்தர்கிட்டயும் பதில் இல்லை. பொட்டி தட்டறவனுக்கு ஒரு கெட்ட பழக்கம், வேரியபிளுக்குப் பேர் வெச்சாக்கூட அது என்ன செய்யுதுன்னு பேர்லயே தெரியணும். ஒரு பொண்ணு எழுபது எண்பது வருஷம் தூக்கிட்டு நடக்கப் போற பேரு, அதுக்கு அர்த்தம் இருக்கக் கூடாதா?

சரி, மேட்டருக்கு வர்றேன். எப்சிபா எபிரேயப் பேரு. அங்க அது ஹெஃப்ட்சி, பா(ஹ்) ரெண்டும் சேர்ந்தது. ஹெஃப்ட்சின்னா என் பிரியம், என் விருப்பம். பா(ஹ்)னா அவகிட்ட. ஆக மொத்தம், "என் பிரியம் அவகிட்டதான் இருக்கு". ஒரு முழு வாக்கியத்தையே பேரா வெச்சிருக்காங்க. தங்கமணி உடனே, "அப்ப பிரியான்னு வெச்சிட்டுப் போக வேண்டியதுதானே, எதுக்கு இவ்ளோ சுத்து"ன்னு கேட்டா. நியாயமான கேள்வி. ஆனா பிரியான்னா பிரியமானவ, அவ்ளோதான். யாருக்குப் பிரியம்னு அதுல இல்ல. எப்சிபாவுல சொல்றதுக்கு ஒரு ஆள் இருக்கு. யாரோ ஒருத்தர் எழுந்து நின்னு, ஊரே கேக்க, இவளை எனக்குப் பிடிச்சிருக்குன்னு சொல்ற பேரு அது.

வாக்கியமா பேர் வெக்கறது நமக்கு ஒண்ணும் புதுசில்ல. ஆண்டாள்ங்கறது என்ன? சுத்தமான வினைமுற்று. எங்க ஊர் பேரையே எடுத்துக்கோங்க. சரஸ்வதி கோபத்துல ஆறா பொங்கி வந்தப்ப, பெருமாள் குறுக்கப் படுத்து தடுத்தார்னு உத்திர ரங்கநாதர் கோயில் புராணம் சொல்லுது. அவர் பள்ளிகொண்ட எடம் பள்ளிகொண்டா. (இன்னிக்கு ஒருத்தர் குறுக்கப் படுக்கிற அளவுக்குப் பாலாத்துல தண்ணி எங்க வருது, அது வேற புலம்பல்.)

பைபிள்ல இந்தப் பேர் ரெண்டு எடத்துல வருது. ஒண்ணு, எசேக்கியா ராஜாவோட மனைவி, மனாசேயோட அம்மா. அங்க தமிழ்ல எப்சிபாள்னு இருக்கும். சாரா சாராள் ஆன மாதிரி, ரெபெக்கா ரெபெக்காள் ஆன மாதிரி, கடைசியில ஒரு 'ள்' போட்டு நம்ம வீட்டுப் பொண்ணா ஆக்கிட்டாங்க மொழிபெயர்த்தவங்க. இந்த அம்மாவைப் பத்தி பேரைத் தவிர வேற ஒண்ணும் சொல்லல. பையன் 12 வயசுல பட்டத்துக்கு வந்து 55 வருஷம் ஆண்டான், யூதாவை ஆண்ட ராஜாக்கள்லயே ரொம்ப மோசமானவங்க வரிசையில சேந்தான். அம்மா பேர்ல இருந்த பிரியம் பையன்கிட்ட வரல போல.

ரெண்டாவதுதான் விஷயமே. ஏசாயா 62-ம் அதிகாரம், 4-ம் வசனம். கி.மு. 586-ல பாபிலோன்காரன் எருசலேமை இடிச்சிட்டுப் போனான். கைவிடப்பட்டவள்னு பேர் வாங்கின அந்த ஊரைப் பாத்து, இனிமே உனக்கு அந்தப் பேர் இல்லை, எப்சிபான்னுதான் கூப்பிடுவாங்கன்னு கடவுள் சொல்றதா வருது. இதுல ஒரு நுணுக்கம் இருக்கு. கைவிடப்பட்டவள்ங்கறதுக்கு எபிரேயச் சொல் அசுபா. அதுவும் பொண்ணுங்களுக்கு நெஜமாவே இருந்த பேருதான். யோசபாத் ராஜாவோட அம்மா பேர் அசுபாள். காலேபோட பெஞ்சாதி ஒருத்தி பேரும் அதே. (நம்ம காதுக்கு அசுபம்னே கேக்குது. ரெண்டு சொல்லுக்கும் சம்பந்தம் இல்லதான், இருந்தாலும்.) அதாவது அந்த வசனத்துல நடக்கறது ஒரு பேர் மாத்தம். வேணாம்னு ஒதுக்கின பேரை அழிச்சிட்டு, பிரியம்னு எழுதறாங்க.

இப்ப எங்க ஆயா கதைக்கு வர்றேன்.

ஆயா, அதாவது எங்கப்பாவோட அம்மா, அவங்க வீட்டுல நாலாவது பொண்ணு. முதல் மூணு பொண்ணுங்களுக்கும் நல்ல நல்ல பேரா வெச்சாங்க. நாலாவதும் பொண்ணுன்னதும் போதும்பொண்ணுன்னு வெச்சிட்டாங்க. அப்படி வெச்சா அடுத்தது ஆம்பளப் புள்ளயா பொறக்கும்னு ஒரு நம்பிக்கை. இது எங்க வீட்டுக் கூத்து மட்டும் இல்ல. திருத்தணி பக்கம் நாராயணபுரத்துல பொண்ணுங்களுக்கு வேண்டாம்னே பேர் வெக்கற வழக்கம் இருந்துது. 2019-ல பத்திரிகையில எல்லாம் வந்துது. மராட்டியத்துல நகுசான்னு வெப்பாங்க, வேண்டாதவள்னு அர்த்தம். 2011-ல சாத்தாரா மாவட்டத்துல 280-க்கும் மேல நகுசாக்களைக் கூப்பிட்டு விழா எடுத்து, அவங்களுக்குப் பிடிச்ச பேரா மாத்தி சர்ட்டிபிகேட் குடுத்தாங்க. எனக்கு அந்தச் செய்தியைப் படிக்கும்போது ஏசாயாதான் ஞாபகம் வந்தார். கலெக்டர் ஆபீஸ் பண்ண வேலையும் அவர் சொன்னதும் ஒரே வேலைதான்.

ஆயாவுக்கு அவங்க பத்து வயசுல அது நடந்துது. குடும்பமே ஞானஸ்நானம் எடுத்தப்ப, ஐயர் ஒவ்வொருத்தர் பேரையும் கேட்டுக்கிட்டே வந்திருக்கார். (எங்க பக்கம் சபை போதகரை ஐயர்னுதான் சொல்லுவோம், வெளியாளுங்க குழம்பிக்காதீங்க.) ஆயா பேரைச் சொன்னதும் நிமிந்து பாத்து, "யாரும்மா இந்தப் பேரை வெச்சது?"ன்னு கேட்டாராம். அப்புறம் ரிஜிஸ்டர்ல எழுதினது எப்சிபா. பைபிள்ல ஆயிரம் பேர் இருக்க, அவர் வேணும்னே அந்த வசனத்தைத் தேடி எடுத்திருக்கார்ங்கறது எனக்கு இந்த வயசுலதான் புரிஞ்சுது.

அதே வசனத்துல இன்னொரு பேரும் இருக்கு, பியூலா. அது எல்லா சபையிலயும் ஒரு ரெண்டு பேராவது இருப்பாங்க. ஜான் பனியன் 1678-ல எழுதின மோட்சப் பயணத்துல பியூலா நாடுன்னு ஒரு அழகான தேசம் வரும். அதைத் தழுவித்தான் நம்ம கிருஷ்ண பிள்ளை 1894-ல இரட்சணிய யாத்திரிகம் எழுதினார். அதனாலயோ என்னவோ பியூலா பிரபலம், எப்சிபா அபூர்வம். எனக்குக் கேட்டா இது தலைகீழா இருந்திருக்கணும். பியூலான்னா கல்யாணம் ஆனவள், புருஷன் உள்ளவள்னு அர்த்தம். அந்தச் சொல்லோட வேர் பாஅல், அதாவது எஜமான், உடைமைக்காரன், புருஷன். பைபிள்ல கெட்ட சாமியா வர்ற பாகால் இருக்காரே, அதே வேர்தான்! ஓசியா தீர்க்கதரிசியும், என்னை இனிமே பாகாலின்னு கூப்பிட வேணாம், ஈஷின்னு கூப்பிடுன்னு கடவுளே சொல்றதா எழுதி வெச்சிருக்கார். பொறந்த குழந்தைக்குப் புருஷன் உள்ளவள்னு பேர் வெக்கறதை விட, பிடிச்சவள்னு வெக்கறது மேல் இல்லையா? பியூலா அக்காக்கள் யாரும் கோச்சிக்காதீங்க, உங்க சமையல் எனக்கு ரொம்பப் பிடிக்கும் :-)

அடுத்த குத்தச்சாட்டு, "இங்கிலீஷ்காரன் பேரை எதுக்கு வெக்கணும்?" இதுக்குத்தான் எனக்கு நெஜமாவே கோபம் வரும். இது இங்கிலீஷ்காரன் பேரே இல்ல, அவனே கடன் வாங்கினதுதான். 1611-ல வந்த கிங் ஜேம்ஸ் பைபிள்ல இதை மொழிபெயர்க்காம அப்படியே விட்டாங்க, அங்க இருந்து எடுத்துப் புள்ளைங்களுக்கு வெச்சாங்க. அதுக்கு ரொம்ப முன்னாடி கிரேக்கத்துல மொழிபெயர்த்தவங்க "என் விருப்பம்"னு அர்த்தத்தைப் போட்டு பேரையே காணாம ஆக்கிட்டாங்க. தமிழ்ல பழைய ஏற்பாடு 1728-லயே தரங்கம்பாடியில அச்சாகி முடிஞ்சிடுச்சு. அப்படிப் பாத்தா இந்தப் பேரு நம்ம ஊருக்கு வந்து கிட்டத்தட்ட முந்நூறு வருஷம்.

எபிரேயப் பேர்னா அதிசயமாப் பாக்கறவங்க எங்க பக்கம் வந்து பாக்கணும். ஆம்பூர்ல என் கூடப் படிச்சவன் வீட்டுல அக்கா பேர் மரியம். எங்க தெருவுல ஒரு மிரியாம். ரெண்டும் ஒரே பேரு. ஒண்ணு அரபி வழியா வந்துது, இன்னொண்ணு பைபிள் வழியா வந்துது. ரெண்டு பேரும் ஒரே ஷூ கம்பெனி வேன்ல ஏறி, ஒரே லைன்ல உக்காந்து அப்பர் தைக்கறாங்க. எப்சிபா மட்டும் அந்த இன்னொரு வழியில வரவே இல்ல, அதான் கேக்கறவங்களுக்குப் புதுசா இருக்கு.

வாயில நுழையலைங்கறது அடுத்தது. தமிழ்ல எழுதிப் பாருங்க, எ-ப்-சி-பா. நாலே எழுத்து. இங்கிலீஷ்லதான் மூணு ஹெச்சும் ஒரு இசட்டுமா ஒன்பது எழுத்து வருது, அதுக்கு நாம என்ன பண்றது? கூப்பிடக் கஷ்டமா இருந்தா எப்பின்னு கூப்பிடுங்க. ஜார்ஜ் எலியட் எழுதின சைலஸ் மார்னர்ல (1861), தறி நெய்யறவர் ஒருத்தர், பனியில தன் வீட்டுக்குள்ள தவழ்ந்து வந்த குழந்தையை எடுத்து வளப்பார். அதுக்குத் தன்னோட அம்மா, தங்கச்சி பேரான இதையேதான் வெப்பார். செல்லமா எப்பி. யாருக்கும் வேண்டாத குழந்தைக்கு அந்தப் பேரு. வயலின் மேதை யெஹுதி மெனுஹினோட தங்கச்சி, பியானோ கலைஞர், அவங்களும் எப்சிபாதான் (1920-1981). இஸ்ரேல்ல இதே பேர்ல ஒரு கூட்டுப் பண்ணை கூட இருக்கு. 1928-ல அங்க வாய்க்கா வெட்டும்போதுதான் பெத் ஆல்ஃபா ஜெப ஆலயத்தோட பழைய மொசைக் தரை கிடைச்சுது. இவ்ளோ பேரும் இந்தப் பேரை வெச்சிக்கிட்டு நல்லாத்தான் பொழைச்சிருக்காங்க.

ஆனா தங்கமணி கடைசியா ஒண்ணு சொன்னா பாருங்க, அதுக்கு எங்கிட்ட பதில் இல்ல. "ஆயாவை வேணாம்னு நினைச்சாங்க, அதனால அவங்களுக்கு அந்தப் பேர் மருந்து. நம்ம பொண்ணை யாரும் வேணாம்னு சொல்லலியே. ஸ்கேன்ல இருந்து ஆசை ஆசையாப் பெத்திருக்கோம். உங்க குடும்பத்து பழைய சோகத்தை எதுக்கு இவ தலையில கட்டறீங்க?"

ரெண்டு நாள் யோசிச்சேன். சரியாத்தான் சொல்றா. சொல்லப்போனா நான் வாதாடினது பொண்ணுக்காக இல்ல, ஆயாவுக்காகத்தான் போல. சரி, ஆயாகிட்டயே கேட்டுடலாம்னு போன ஞாயித்துக்கிழமை மூணு பேரும் கிளம்பி பள்ளிகொண்டாவுக்குப் போனோம்.

ஆயா திண்ணையில உக்காந்து முருங்கக்கீரை ஆஞ்சிக்கிட்டு இருந்தாங்க. பீடி சுத்தின விரல், இன்னும் வேகம் குறையல. விஷயத்தைச் சொன்னேன். சிரிச்சாங்க.

"அந்தப் பேருல என்னை யாருடா கூப்ட்டாங்க? ஐயர் ஒருத்தர் கூப்ட்டாரு, அவரும் மாத்தலாகிப் போயிட்டாரு. உங்க தாத்தா இந்தாடின்னாரு. பீடி பாஸ்புக்குல போதும்பொண்ணு, ரேசன் கார்டுல போதும்பொண்ணு, ஓட்டு லிஸ்ட்டுலயும் அதான் கீது. கோயில் புஸ்தகத்துல மட்டும்தான் அது கெடக்குது."

தங்கமணி மெதுவா, "அது பழைய பேராச்சே ஆயா, பாப்பாவுக்குப் போய்..."ன்னு இழுத்தா.

"எங்கம்மா பழசு? பொட்டியில வெச்ச பொடவை, ஒரு நாள் கூடக் கட்டிக்கல. மடிப்புக் கூடக் கலையல. புச்சா எடுத்துக் குடுக்கறேன், வேணும்னா கட்டிக்கட்டும், வேணாம்னா வுடு."

தங்கமணி ஒண்ணும் பேசல. பாப்பா கீரைக் காம்பை எடுத்து வாயில வெச்சிக்கிட்டு இருந்துது. சாப்பிட்டுட்டு சாயங்காலமா கிளம்பினோம். டோல்கேட்ல முன்னாடி நின்ன லாரிக்கு ஃபாஸ்டேக் வேலை செய்யாம வரிசை நகரல. ஹாரன் சத்தத்துக்கு நடுவுல பின் சீட்டுல இருந்து தங்கமணி கேட்டா:

"இங்கிலீஷ்ல முதல் எழுத்து ஹெச் போடணுமா, இல்ல தமிழ் மாதிரியே ஈ-ல ஆரம்பிச்சிடலாமா?"