தொட்டியிற் பூக்குங் கிழங்குகள்

ஸ்ரீபெரும்புதூரினின்று ஒரகடம் செல்லும் வழியெங்கும் தொழிற்சாலைகள் மலிந்துவிட்டன. ஆண்டுப் பணிபுரியும் இளைஞர் பலர் வாடகை அறைகளில் வசிக்கின்றனர். அவ்வறைகட்கு ஒரு சாண் மண்ணும் இல்லை. மாடிச் சுவரோரத்து மண்தொட்டியே அன்னார்க்குத் தோட்டமாம். அத்தொட்டிக்கென டூலிப் கிழங்கை விலைகொடுத்து வாங்கி ஏமாறுவோரைக் காணுங்கால் இரக்கமுண்டாகின்றது.

டூலிப் கிழங்கு மூன்று திங்களுக்கு மேலாகக் கடுங்குளிரில் உறங்கினாலன்றிச் செவ்வனே பூவாது. ஸ்ரீநகரில் திறக்கப்பெற்ற டூலிப் தோட்டம் வசந்தத்தில் மலர்வது அவ்வூர்ப் பனியின் கொடை. நமக்கோ பங்குனியிலேயே வெயில் தீய்க்கும். குளிர்ப்பெட்டியில் வைத்துப் பூக்கச் செய்யலாமே என்பர். செய்யலாம், மறு ஆண்டு அக்கிழங்கு நலிந்துபோம். ஒருமுறை வேடிக்கைக்கு அத்துணைப் பொருட்செலவு தகுமோ?

நம் வெயிலுக்கிசைந்த கிழங்குகள் குளிரை வேண்டுவனவல்ல. வறட்சியும் பின்னர் நீருமே வேண்டுவன. மழை லில்லியைச் சில வாரம் காயவிட்டு நனைப்பின் சின்னாளிற் பூக்கும். அதுவும் அமெரிக்கக் கண்டத்து விருந்தாளியே. ஆகவே பிறநாட்டுப் பூவென்று யாம் எதனையும் வெறுக்கின்றிலம். மெக்ஸிகோ தந்த நிலசம்பங்கி, இரவு வேலைக்குப் புறப்படும் அந்தியிலேதான் மிக மணக்கும். நம் மாநில மலராகிய செங்காந்தள் கோடையிற் கிழங்காயுறங்கி மழைக்கு எழும். ஆழ்ந்த தொட்டியும் பற்றுக்கொம்பும் அதற்கு வேண்டும். அக்கிழங்கு கொடிய நஞ்சாதலின், குழந்தையுள்ள வீட்டார் அதனை விலக்குக.

எதனை நடினும் தொட்டியின் அடித்துளை அடையாதபடி ஓட்டுச்சில் ஒன்றிடுக. நீர் தேங்கின் எக்கிழங்கும் அழுகும்.